ராயபுரத்தில் சின்ன வாடகை வீடு. சூப்பர் 8 என்ற 8 மி.மீ. சினிமா ஃபிலிமை லேபுக்கு அனுப்பாமல் வீட்டிலேயே கழுவிப் பரிசோதனைப் படம் எடுக்க முடியுமா?

தாராளமாக முடியும். தனி ஆளாகப் படம் எடுப்பவர்கள் பல ஊர்களில் இப்படித்தான் செய்கிறார்கள். ஆனால் கிடைக்கும் குறிப்புகள் பெரும்பாலும் குளிர் ஊர்க்காரர்கள் எழுதியவை. வடசென்னையில் நம் தண்ணீருக்கும் வெக்கைக்கும் ஏற்ப அவற்றை மாற்றிக்கொள்ள வேண்டும்.

கோடாக்கின் கறுப்பு வெள்ளை ஃபிலிமான ட்ரை-எக்ஸில் தொடங்குங்கள். ஒரு கார்ட்ரிட்ஜ், அதாவது ஃபிலிம் அடைத்த ஒரு பெட்டி, 50 அடி, 3600 பிரேம். நொடிக்கு 18 பிரேம் ஓட்டினால் 3 நிமிடம் 20 நொடி. காசிமேட்டில் உச்சி வெயிலில் எடுப்பதாக இருந்தால் வெளிச்சத்தைக் குறைக்கும் என்டி 0.9 ஃபில்டர் போடுங்கள். இல்லாவிட்டால் சில கேமராக்களில் லென்ஸின் துளையை எவ்வளவு சுருக்கினாலும் படம் வெளுத்துவிடும்.

ஃபிலிமில் படத்தை வெளிக்கொண்டுவரும் டெவலப்பருக்கு காபியே போதும். ஒரு லிட்டருக்கு நீரற்ற வாஷிங் சோடா 54 கிராம், வைட்டமின் சி பவுடர் 16 கிராம், இன்ஸ்டன்ட் காபி 40 கிராம். ஒரு ரோலுக்கு 2 லிட்டர் கலக்குங்கள். சோடா முழுதாகக் கரைந்த பிறகு வைட்டமின் சி, கடைசியில் காபி. நுரை அடங்கும்வரை காத்திருங்கள். நம் ஊரில் பலர் சறுக்குவது காபியில்தான். சிக்கரி கலந்த பவுடர் வேண்டாம். நூறு சதவீதம் காபி என்று போட்டிருப்பதை வாங்குங்கள், மலிவானதே நல்லது. ஆப்பச் சோடாவும் ஆகாது. கல் கல்லாக இருக்கும் வாஷிங் சோடாவில் பாதிக்கு மேல் தண்ணீர்தான்; வாணலியில் வெண்பொடியாகும்வரை வறுத்துவிட்டு எடை போடுங்கள்.

போர்வெல் தண்ணீரில் இவற்றைக் கலக்கவே கூடாது. அதிலுள்ள சுண்ணாம்பு, சோடாவோடு சேர்ந்து வெள்ளைத் துகளாக ஃபிலிமில் படியும். கேன் தண்ணீர் வாங்கிவிடுங்கள். படத்தை நிலைக்கவைக்கும் ஃபிக்ஸருக்கு லிட்டருக்கு 250 கிராம் ஹைப்போ (சோடியம் தயோசல்ஃபேட்).

இனி வெப்பம். சோடா கரையும்போது தண்ணீர் சூடாகும், ஹைப்போ கரையும்போது ஜில்லென்று ஆகும். கலந்த கையோடு பயன்படுத்தினால் ஃபிலிம் சூட்டிலிருந்து குளிருக்குப் பாய்ந்து, அதன் மேலுள்ள ஜெலட்டின் பூச்சு சுருங்கி வலை வலையாக வெடிக்கலாம். அதனால் ஒரு மணி நேரம் முன்பே கலந்து, அலசும் தண்ணீரையும் சேர்த்து ஒரே ஐஸ் தொட்டியில் வைத்து எல்லாவற்றையும் 20 டிகிரிக்குக் கொண்டுவாருங்கள். மே மாதத்து மாடித் தொட்டித் தண்ணீரை நேராகத் திறந்துவிட்டால் அந்த 3600 பிரேமும் போச்சு.

கழுவ இரவில் குளியலறைதான் வசதி. கதவிடுக்கில் கறுப்புத் துணி திணித்து, விளக்கணைத்துப் பத்து நிமிடம் உட்காருங்கள். கீசரின் சிவப்புப் புள்ளி அப்போதுதான் கண்ணில் படும், அதையும் நிறுத்துங்கள். கார்ட்ரிட்ஜைக் குறடால் உடைத்து, ஃபிலிமைத் தளர்வாக வாளியில் விட்டு, 15 நிமிடமும் கையுறைக் கையால் அளைந்துகொண்டே இருங்கள். ஒன்றோடொன்று ஒட்டிய இடம் பால் நிறத் திட்டாக நின்றுவிடும். பிறகு அலசி ஃபிக்ஸரில் போடுங்கள். ஒரு துண்டு ஃபிலிமை முன்பே ஃபிக்ஸரில் போட்டு எத்தனை நிமிடத்தில் தெளிகிறது என்று பார்த்து வைத்திருந்தால், அதைப்போல் இரு மடங்கு நேரம் விட்டால் போதும்.

மொட்டை மாடியில் காயப்போடாதீர்கள். கடல் உப்பும் எண்ணூர்ப் பக்கத்துச் சாம்பலும் ஈர ஜெலட்டினில் ஒட்டினால் பிறகு வராது. அறைக்குள்ளேயே கொடி கட்டி, மின்விசிறியை நிறுத்திவிட்டுத் தொங்கவிடுங்கள்.

அந்த வலை வெடிப்பு அழகாகவும் இருக்கும், உண்மைதான். வேண்டுமென்றே அதை வரவழைக்க நினைத்தால், முதலில் ஒரு மீட்டர் துண்டை வெந்நீரிலும் ஐஸ் நீரிலும் மாற்றி மாற்றி முக்கிப் பாருங்கள். முழு ரோலையும் அதற்குப் பிறகு தொடுங்கள்.