கேள்வி பதில்: தலை எங்கே போச்சு?

கேள்வி (வாசகி, திண்டுக்கல்): ஒரு மேஜையைச் சுற்றி கோட்டு சூட்டு பொம்மைகள், ஒன்றுக்கும் தலை இல்லை, துணி மட்டும் பளீரென்று ஆப்பிரிக்கத் துணி. இப்படி ஒரு படம் பார்த்தேன். யார் செய்தது? தலை எங்கே?

பதில்: செய்தவர் யிங்கா ஷோனிபாரே. 1962-ல் லண்டனில் நைஜீரியப் பெற்றோருக்குப் பிறந்து, மூன்று வயதில் லாகோஸ் போய், அங்கே வளர்ந்து, படிப்புக்காக மறுபடி லண்டன் வந்தவர். நீங்கள் பார்த்தது 'ஸ்க்ராம்பிள் ஃபார் ஆஃப்ரிக்கா', 2003-ல் செய்தது. மேஜைப் பலகையை உற்றுப் பாருங்கள், ஆப்பிரிக்காவின் வரைபடம் இருக்கும். 1884-85-ல் பெர்லினில் 14 நாடுகள் கூடி அந்தக் கண்டத்தில் யார் எதைப் பிடிக்கலாம் என்று விதி போட்டார்களே, அந்தக் கூட்டம்தான் இது. ஆப்பிரிக்கர் ஒருவரைக்கூட அழைக்கவில்லை. பொம்மைகளும் 14. தலையை எடுத்ததில் பிரெஞ்சுப் புரட்சியின் தலைவெட்டும் இயந்திரமான கில்லட்டினின் குறும்பு இருக்கிறது. தலை இல்லை, தோலும் கறுப்பா வெளுப்பா என்று பிடிபடாத ஒரு நிறம், அதனால் யார் எந்த இனம் என்று நம்மால் சொல்ல முடியாது.

கேள்வி (வாசகர், மதுரை): ஆப்பிரிக்கர் ஆப்பிரிக்கத் துணியில் கலை செய்வதில் என்ன பெரிய புதுமை?

பதில்: அது ஆப்பிரிக்கத் துணியே இல்லை ஐயா, விஷயமே அங்கேதான் இருக்கிறது.

கல்லூரியில் ஷோனிபாரே சோவியத் ரஷ்யாவின் பெரெஸ்த்ரோய்க்கா என்ற சீர்திருத்தம் பற்றி ஏதோ செய்துகொண்டிருந்தாராம். ஆசிரியர் ஒருவர், நீ ஏன் அசலான ஆப்பிரிக்கக் கலை செய்யக் கூடாது என்று கேட்டிருக்கிறார். லாகோஸில் டிவி பார்த்து வளர்ந்த பையனிடம்! சரி, அசல் என்றால் என்னதான் என்று பார்ப்போமே என்று லண்டனின் பிரிக்ஸ்டன் சந்தைக்குப் போய்த் துணி விசாரித்தால், சரக்கின் கதை ஹாலந்தில் போய் நிற்கிறது. ஜாவாவில் மெழுகு வைத்துச் சாயம் தோய்க்கும் பாத்திக்கைப் பார்த்து, 19-ஆம் நூற்றாண்டில் டச்சுக்காரர்கள் இயந்திரத்தில் போலி செய்தார்கள். மெழுகு வெடித்துச் சாயம் கசிந்த கோடுகள் ஜாவாக்காரர்களுக்குப் பிடிக்கவில்லை, மேற்கு ஆப்பிரிக்கக் கரையில் அதையே விரும்பி வாங்கினார்கள். ஹாலந்தின் ஹெல்மாண்ட் ஊரில் 1846-ல் தொடங்கிய விலிஸ்கோ நிறுவனம் இன்றும் இதைத்தான் அச்சடிக்கிறது, மான்செஸ்டர் ஆலைகளும் அந்தக் காலத்தில் சும்மா இருக்கவில்லை. நாடுகள் விடுதலை பெற்றபோது ஆப்பிரிக்கப் பெருமையின் அடையாளமாக உடுத்தியதும் இதே துணியைத்தான். போலி என்று தள்ளவும் முடியாது, அசல் என்று சத்தியம் செய்யவும் முடியாது.

இடையில் ஒன்று. நம் கரையிலிருந்து போன 'மெட்ராஸ் கர்சீஃப்' கட்டம் போட்ட துணி நைஜர் டெல்டாவின் கலாபாரி மக்களிடம் 'இன்ஜிரி' ஆகி, சடங்குத் துணியாகவே மாறிவிட்டது. அதில் சில நூல்களை மட்டும் பிளேடால் அறுத்து உருவி வேறொரு வடிவம் எடுப்பார்கள், அதற்குப் 'பெலெட்டே பிட்டே' என்று பெயர். நெய்தவர்கள் பார்த்தால் துணியை இப்படிக் கெடுத்துவிட்டார்களே என்று பதறியிருப்பார்கள்.

கேள்வி (வாசகர், கோவை): பேரரசைக் கிண்டல் செய்துவிட்டு அதே பேரரசின் பட்டத்தை வாங்கிக்கொண்டாராமே?

பதில்: ஆமாம், 2004-ல் எம்.பி.இ. என்ற பிரிட்டிஷ் அரசப் பட்டம் வாங்கியதோடு நிற்காமல் கலைஞர் பெயரோடு சேர்த்தே போட்டுக்கொண்டார். 2019-ல் அதைவிட உயர்ந்த சி.பி.இ. வேறு. முதலில் எனக்கும் உறுத்தியது. ஆனால் எம்.பி.இ. என்பதன் விரிவான 'பிரிட்டிஷ் பேரரசு விருதணியின் உறுப்பினர்' என்ற சொற்கள் அந்தத் தலையில்லாத கோட்டுகளுக்குப் பக்கத்தில் வரும்போது பட்டமே கொஞ்சம் கோமாளித்தனமாகத் தெரிகிறதா இல்லையா? 2010-ல் லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்தின் காலி பீடத்தில், அங்கே சிலையாக நிற்கும் கடற்படைத் தளபதி நெல்சனின் கண்ணெதிரே, அவருடைய 'விக்டரி' கப்பலைப் பெரிய பாட்டிலுக்குள் அடைத்து வைத்தார். 37 பாய்களிலும் இதே துணியின் பூவேலை. இப்போது அது லண்டனின் கிரீனிச் பகுதியில் இருக்கிறது. என் குறை வேறு: இவர் படைப்புகள் ரொம்ப அழகு, அந்த அழகில் கோபம் சில நேரம் அமுங்கிப்போகிறது.

கேள்வி (வாசகி, சேலம்): எல்லாம் அவரே தைப்பதா?

பதில்: இல்லை. கலைக் கல்லூரியில் சேர்ந்த புதிதில் தண்டுவட அழற்சி வந்து, உடலின் ஒரு பக்கம் செயலிழந்துபோனது. யோசனை அவருடையது, கைவேலை உதவியாளர்களுடையது. இதை அவர் ஒளித்ததில்லை.

கேள்வி (வாசகர், திருச்சி): புலம்பெயர்ந்தவர்கள் பற்றி நேரடியாக எதுவும் செய்திருக்கிறாரா?

பதில்: 'தி பிரிட்டிஷ் லைப்ரரி', 2014. அலமாரி அலமாரியாக 6,328 புத்தகங்கள், எல்லாவற்றுக்கும் அதே துணியில் அட்டை, பலவற்றின் முதுகில் தங்க எழுத்தில் பெயர்கள். எல்லாம் பிரிட்டனுக்குக் குடியேறியவர்கள் அல்லது குடியேறியவர்களின் பிள்ளைகள். குடியேற்றமே கூடாது என்று முழங்கியவர்களின் பெயர்களையும் நடுவில் செருகியிருக்கிறார், அவர்கள் வீட்டு மூதாதையரும் எங்கிருந்தோ வந்தவர்கள்தானே! இப்போது பிரிட்டனின் டேட் கலை அருங்காட்சியகத்திடம் இருக்கிறது. பெயர் எதுவும் எழுதாமல் விட்ட முதுகுகளும் அதில் நிறைய உண்டு.