விவசாயம் பார்த்துக்கிட்டே இன்டர்நேஷனல் ரக்பி ஆடினவங்க யாராச்சும் இருக்காங்களா?

இருக்காரு, காலின் மீட்ஸ். நியூசிலாந்தோட ஆல் பிளாக்ஸ் டீமுக்கு 1957லேர்ந்து 1971 வரைக்கும் 133 மேட்ச், அதுல 55 டெஸ்ட் (ரக்பில நாட்டு டீம்கள் மோதுற மேட்ச்). 1999ல அந்த நாட்டு ரக்பி யூனியனே நூற்றாண்டோட சிறந்த வீரர்னு இவரைத்தான் தேர்ந்தெடுத்துச்சு. கிங் கன்ட்ரி ஏரியாவுல டெ குய்ட்டின்னு ஒரு சின்ன ஊரு, அங்க மலைச்சரிவுல இவங்க பண்ணை.

இவரைப் பத்தி பேச்செடுத்தாலே ரெண்டு கக்கத்துலயும் ஒவ்வொரு ஆட்டை இடுக்கிக்கிட்டு மலை ஏறி ஓடித்தான் டிரெயினிங் எடுத்தாருன்னு ஆரம்பிச்சிடுவாங்க. நான் நம்பல. எங்க வீட்லயும் ஆடு வளர்த்தோம், துள்ளுற ஆடு ஒன்னைத் தூக்கிக்கிட்டு பத்தடி நடந்து பாருங்க தெரியும். (சரி, மனுஷன் ஆறடி நாலங்குலம், நம்ம கணக்கு அவருக்கு ஒத்துவராது.)

எனக்கு ஆச்சரியமே வேற. அப்போ ரக்பி யூனியன்ல (இவர் ஆடின ரக்பி வகைக்கும் அதே பேருதான்) ஆட்டக்காரங்களுக்கு சம்பளமே கிடையாது, 1995 வரைக்கும் அப்படித்தான். 1963 அக்டோபர்ல பிரிட்டன், பிரான்ஸ் டூருக்குப் போன டீம் ஊர் திரும்ப நாலு மாசம் ஆச்சு, அத்தனை நாளும் பண்ணைக்கு யாராச்சும் வேணுமே? தம்பி ஸ்டானும் அதே பண்ணை, அதே ஆல் பிளாக்ஸ், ரெண்டு பேரும் சேர்ந்து 11 டெஸ்ட் ஆடியிருக்காங்க, ஆனா 1966ல பிரிட்டன்-அயர்லாந்து கூட்டு டீமான லயன்ஸோட ஆடின சீரிஸோட ஸ்டான் டெஸ்ட் ஆடறதை விட்டுட்டாரு, அப்போ அவருக்கு முப்பது வயசு கூட ஆகல. ஒருத்தராவது வீட்ல இருக்கணும்னுதான் இருக்கும்னு எனக்குப் படுது.

1970ல தென்னாப்பிரிக்காவுல ஈஸ்டர்ன் டிரான்ஸ்வால்ங்கிற உள்ளூர் டீமோட ஆடறப்போ கை எலும்பு முறிஞ்சும் மேட்ச் முடியற வரைக்கும் வெளிய வரல, அப்புறம் கையில காப்பு கட்டிக்கிட்டு கடைசி ரெண்டு டெஸ்டும் ஆடினாரு. 1986ல நிறவெறி ஆட்சி நடந்துக்கிட்டிருந்த அதே நாட்டுக்கு, நியூசிலாந்து ரக்பி யூனியன் அனுமதி இல்லாம போன கவாலியர்ஸ் டீமுக்கு கோச்சா போனாரே, அது மட்டும் எனக்கு இன்னும் உறுத்தல்.

2017 ஜூன்ல டெ குய்ட்டில இவருக்கு சிலை திறந்தாங்க, கேன்சரோட இருந்தும் நேர்ல வந்தாரு, ஆகஸ்ட்ல போயிட்டாரு. அதே ஊர்ல இவர் சிலையை விடப் பெரிய சிலை இன்னொன்னு இருக்கு, ஆட்டுக்கு ரோமம் கத்தரிக்கிற ஆளோடது.