சீரியல் 'சம்பளத்தில்' பிடித்த டிடிஎஸ் திரும்ப வருமா?

'மூன்று வருடமாக சீரியலில் அண்ணி, அத்தை வேடங்களில் நடிக்கிறேன். நாள் கணக்கில் சம்பளம். ஒவ்வொரு முறையும் டிடிஎஸ் என்று 10 சதவீதம் வரியை முன்கூட்டியே பிடித்துக்கொண்டுதான் தருகிறார்கள். இதுவரை வரிக் கணக்கே தாக்கல் செய்ததில்லை. அந்தப் பணம் போனது போனதுதானா?' என்று சென்னையிலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார்.

போகவில்லை. உங்கள் பான் எண்ணில் அரசிடம்தான் கிடக்கிறது, நீங்கள்தான் இன்னும் கேட்கவில்லை.

செட்டில் எல்லோரும் சம்பளம் என்றுதான் சொல்வார்கள். வரிச் சட்டத்துக்கு அது சம்பளமே இல்லை, டாக்டரும் வக்கீலும் வாங்குகிற ஃபீஸ் மாதிரி (கேமராமேன், எடிட்டர், வசனம் எழுதுகிறவர் எல்லோருக்கும் இதே கதைதான்). அதனால் மாதச் சம்பளக்காரர்கள் போடும் ஐடிஆர்-1 என்ற வரிக் கணக்குப் படிவத்தை யாராவது பழக்கதோஷத்தில் போட வந்தால் தடுத்துவிடுங்கள், உங்களுக்கு உரியது ஐடிஆர்-4.

அதில் ஒரு பெரிய வசதி இருக்கிறது. ஆண்டு வரவு 50 லட்சத்துக்குள் இருந்தால் அதில் குறைந்தது பாதியை வருமானமாகக் காட்டினால் போதும், மீதியைச் செலவு என்று ரசீது கேட்காமலே ஏற்றுக்கொள்வார்கள். சேலை, கவரிங் நகை, ஆட்டோ என்று கைக்காசைப் போட்டுவிட்டு ஒரு பில்லைக்கூடப் பத்திரப்படுத்தாத நம் ஆட்களுக்கென்றே செய்த மாதிரி! 2025-26 நிதியாண்டில் 9 லட்சம் வரவு, பிடித்தம் 90,000 என்று வைத்துக்கொள்வோம். காட்ட வேண்டியது 4.5 லட்சம். புதிய வரி முறையில் 12 லட்சம் வரை வரி கிடையாது என்பதால், வேறு வருமானம் இல்லாவிட்டால் 90,000மும் அப்படியே திரும்பிவிடும்.

பழைய வருடங்கள்தான் சிக்கல். கெடு தாண்டியபின் போடும் புதுப்பித்த கணக்கில் ரீஃபண்ட் கேட்க முடியாது, தாமதத்தை மன்னிக்கச் சொல்லி வருமான வரித் துறைக்குத் தனியாக மனு போட வேண்டும். அதை நீங்களே முயலாமல் ஒரு ஆடிட்டரிடம் கொடுங்கள்.

அதற்கும் முன்னால், உங்கள் பேரில் கட்டிய வரியைக் காட்டும் 26ஏஎஸ் படிவத்தை வருமான வரித் துறை இணையதளத்திலிருந்து இறக்கிப் பாருங்கள். பிடித்த தொகையைக் கம்பெனி உங்கள் பேரில் கட்டியிருந்தால்தான் அதில் தெரியும். ஏதாவது விட்டுப்போயிருந்தால் சீரியல் ஓடிக்கொண்டிருக்கும்போதே அக்கவுண்டண்ட்டைப் பிடித்துவிடுங்கள், செட்டைப் பிரித்தபின் அவர் போனை எடுக்கமாட்டார்.