ஃபர்ஜானா ஹக்கின் நிதானம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பெண்கள் கிரிக்கெட்டைப் பற்றிய உங்கள் கட்டுரையில் வங்கதேசத்தின் ஃபர்ஜானா ஹக்குக்கு ஒரு முழுப் பத்தி ஒதுக்கியிருந்தீர்கள். அவருடைய முதல் சதத்தை நான் தொலைக்காட்சியில் பார்த்தவன். உண்மையைச் சொன்னால், அந்த ஆட்டத்தில் எனக்கு நினைவிருப்பது இந்தியத் தலைவியாக ஆடிய ஹர்மன்ப்ரீத் கௌர் மட்டையால் ஸ்டம்பை அடித்தது மட்டும்தான். 160 பந்துகளில் 107 ரன் எடுப்பதை இன்றைய கிரிக்கெட்டில் சாதனை என்று சொல்ல முடியுமா? 2025 உலகக் கோப்பையில் விசாகப்பட்டினத்தில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக அவர் 76 பந்துகளில் 30 ரன் எடுத்தார். வங்கதேசம் மூன்று பந்துகள் மீதமிருக்கும்போது தோற்றது. அதே ஆட்டத்தில் ஷோர்னா அக்தர் 35 பந்துகளில் 51 ரன் எடுத்தார். தன் கணக்கில் ரன் சேர்த்துக்கொள்வதற்காக ஆடுகிறவரைப் புகழ்ந்துவிட்டு, ஷோர்னாவைப் பற்றி ஒரு வரிகூட எழுதாமல் விட்டது ஏன்?

கே., சேலம்

அன்புள்ள கே.,

விசாகப்பட்டினத்திலிருந்தே தொடங்குகிறேன், ஏனென்றால் உங்கள் குற்றச்சாட்டில் வலுவுள்ள பகுதி அதுதான். அன்று வங்கதேசம் ஐம்பது ஓவர்களில் ஆறு விக்கெட்டுகளை மட்டுமே இழந்து 232 ரன் எடுத்தது. நான்கு விக்கெட்டுகள் கையில் இருக்க இன்னிங்ஸ் முடிந்தது என்றால், தொடக்கத்தில் காட்டிய பொறுமையில் ஒரு பங்கு வீணாயிற்று என்றுதான் பொருள். இன்னும் இருபது ரன் சேர்ந்திருந்தால் ஆட்டம் வேறு விதமாக முடிந்திருக்கலாம் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் அதே 232 ரன்னைத் துரத்திய தென்னாப்பிரிக்கா 78 ரன்னுக்கு ஐந்து விக்கெட்டுகளை இழந்து நின்றது. அந்த நிலையிலிருந்து மரிஸான் காப், குளோயி ட்ரையன், நடீன் டி கிளர்க் ஆகிய மூவரும் ஆட்டத்தை மீட்டுச் சென்றார்கள். பாதி அணியை வீழ்த்திய பிறகு நழுவவிட்ட வெற்றிக்கான பொறுப்பைத் தொடக்கத்தில் ஆடிய ஒருவர் தலையில் முழுவதுமாகக் கட்டுவது எளிது, சரியல்ல.

‘தன் கணக்கில் ரன் சேர்த்துக்கொள்வதற்காக’ என்ற உங்கள் சொற்களைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. அதற்கு நீங்கள் தொலைக்காட்சியில் பார்த்த அதே ஆட்டத்துக்கு, 2023 ஜூலை 22ஆம் தேதி டாக்காவின் மிர்பூரில் இந்தியாவுக்கு எதிராக நடந்த மூன்றாவது ஒருநாள் போட்டிக்குத் திரும்பிப் போக வேண்டும். அதைத் தனியாகப் பார்த்தால் 160 பந்துகளில் 107 ரன் என்பது மந்தமான கணக்காகத்தான் தோன்றும். அதற்கு முந்தைய இரண்டு ஆட்டங்களையும் சேர்த்துப் பாருங்கள். தொடரின் முதல் போட்டியில் 152 ரன்னுக்குச் சுருண்டும், மாருஃபா அக்தரின் நான்கு விக்கெட்டுகளின் துணையால் வங்கதேசம் இந்தியாவை வென்றிருந்தது. ஒருநாள் கிரிக்கெட்டில் இந்தியாவுக்கு எதிராக அவர்களுக்குக் கிடைத்த முதல் வெற்றி அது. இரண்டாவது போட்டியில் 229 ரன்னைத் துரத்தியபோது மூன்று விக்கெட்டுக்கு 106 என்று நல்ல நிலையில் இருந்தவர்கள், கடைசி ஏழு விக்கெட்டுகளை வெறும் பதினான்கு ரன்னுக்குப் பறிகொடுத்து 120 ரன்னில் ஆட்டமிழந்தார்கள். பேட்டராகவே அறியப்பட்ட ஜெமிமா ரோட்ரிக்ஸ்கூட நான்கு விக்கெட்டுகளை எடுத்துச் செல்லும் அளவுக்கு அந்தச் சரிவு இருந்தது. அவர் வீசியது சில ஓவர்கள், கொடுத்தது மூன்று ரன். இது நடந்து மூன்று நாள்கூட முழுதாக ஆவதற்குள் அதே மைதானத்தில், அதே பந்துவீச்சாளர்களுக்கு எதிராக, தொடர் யாருக்கு என்பதைத் தீர்மானிக்கும் ஆட்டத்தில் ஃபர்ஜானா தொடக்க ஆட்டக்காரராக இறங்கினார்.

அவருக்கு அன்று தரப்பட்ட வேலை வேகமாக அடிப்பதாக இருந்திருக்க முடியாது. ஒருபுறம் விக்கெட் விழாமல் நிற்பதே வேலை. ஷமிமா சுல்தானாவோடு முதல் விக்கெட்டுக்கு 93 ரன் சேர்த்தார், ஷமிமா 52 ரன்னில் வெளியேறிய பிறகும் நின்றார், கடைசி ஓவர்வரை களத்தில் இருந்தார். மொத்தம் 225. அவர் ஆடாத 140 பந்துகளில், உதிரி ரன்களையும் சேர்த்து, வந்தவை 118. அதாவது மறுமுனையில் இருந்தவர்கள் அவரைவிட வேகமாக ஆடினார்கள். ஒருமுனை விழாது என்ற துணிவு இருந்ததால் அப்படி ஆட முடிந்தது என்பது என் கணிப்பு. பதிலுக்கு ஆடிய இந்தியா, ஸ்மிருதி மந்தனாவும் ஹர்லீன் தியோலும் அரைச்சதம் அடித்து நான்கு விக்கெட்டுக்கு 191 வரை கொண்டுசென்ற பிறகும், அதே 225 ரன்னில் எல்லா விக்கெட்டுகளையும் இழந்தது. கடைசி ஓவரை வீசியவர் மாருஃபா. ஆட்டம் சமனில் முடிந்து, தொடரும் ஒன்றுக்கு ஒன்று என்று பகிரப்பட்டது. அந்த 107 ரன்னில் ஒன்று குறைந்திருந்தாலும் கோப்பை இந்தியாவுக்குப் போயிருக்கும்.

ஹர்மன்ப்ரீத் அன்று ஸ்டம்பை அடித்ததற்கும் நடுவர்களைப் பற்றிப் பேசியதற்கும் இரண்டு ஆட்டங்கள் தடை விதிக்கப்பட்டது. மறுநாள் செய்திகளில் பெரும்பகுதியை அது எடுத்துக்கொண்டது. ஒரு நாட்டின் பெண்கள் ஒருநாள் கிரிக்கெட்டில் அடிக்கப்பட்ட முதல் சதம் இரண்டாம் செய்தியாக ஒதுங்கிப்போனது. உங்கள் நினைவிலும் அப்படி ஒதுங்கியிருப்பது உங்கள் தவறு அல்ல.

முதல் சதம் என்று சொன்னேன். அதற்கு முன்பு வங்கதேசப் பெண்களின் அதிகபட்ச ஒருநாள் ரன் 2013இல் சல்மா கதூன் ஆட்டமிழக்காமல் எடுத்த 75. ஜிம்பாப்வேயில் நடந்த தகுதிச்சுற்றில் 2021 நவம்பரில் ஷர்மின் அக்தர் அமெரிக்காவுக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 130 ரன் எடுத்தார். ஆனால் அமெரிக்காவுக்கு ஒருநாள் அந்தஸ்து இல்லாததால் அது சர்வதேசக் கணக்கில் ஏறவில்லை. ஷர்மின் பின்னர் 2024இல் அயர்லாந்துக்கு எதிராக 96 ரன்னிலும் ஆட்டமிழந்தார். இந்த ஆட்டத்தின் விதிப்புத்தகம் சிலரிடம் எவ்வளவு கஞ்சத்தனம் காட்டுகிறது என்று எனக்கு அவ்வப்போது தோன்றும்.

முதல் சதத்துக்கு ஏன் இவ்வளவு காலம் ஆயிற்று என்று கேட்டால், காரணம் ஆட்டங்களின் எண்ணிக்கையில் இருக்கிறது. ஃபர்ஜானா வடக்கு வங்கதேசத்தின் காய்பாந்தாவில் 1993இல் பிறந்தவர். வங்கதேசப் பெண்கள் அணி 2011 நவம்பரில் ஒருநாள் அந்தஸ்து பெற்றது; அதே மாதம் 26ஆம் தேதி அயர்லாந்துக்கு எதிராக அவர் தன் முதல் ஒருநாள் போட்டியில் ஆடினார். அணியின் சர்வதேச வாழ்வும் அவருடைய சர்வதேச வாழ்வும் ஏறத்தாழ ஒரே வயது கொண்டவை. அதற்குப் பிந்தைய பத்து ஆண்டுகளில் ஓர் ஆண்டுக்கு ஒன்றிரண்டு தொடர்கள் கிடைத்தாலே அதிகம். 2019 நவம்பர் 4ஆம் தேதி லாகூரில் பாகிஸ்தானை ஒரு விக்கெட் வித்தியாசத்தில் வென்ற ஆட்டத்தில் ஃபர்ஜானா 67 ரன் எடுத்தார். அதற்கு அடுத்த ஒருநாள் போட்டி அவருக்கு 2021 நவம்பரில்தான் வாய்த்தது. இடையில் இரண்டு முழு ஆண்டுகள், ஒரு பேட்டரின் இருபத்தாறு வயதுக்கும் இருபத்தெட்டு வயதுக்கும் இடைப்பட்ட காலம், ஒருநாள் ஆட்டமே இல்லாமல் கழிந்தது. பெருந்தொற்று ஒரு காரணம். அது மட்டுமே காரணம் என்று சொன்னால் மற்ற ஆண்டுகளின் வறட்சிக்கு விளக்கம் இராது. வங்கதேச ஆண்களுக்கும் இதே கதைதான்: 1986இல் முதல் ஒருநாள் போட்டி ஆடியவர்களுக்கு, முதல் சதத்தை மெஹ்ராப் ஹொசைன் 1999இல்தான் அடித்துத் தந்தார். பதின்மூன்று ஆண்டுகள். பெண்களுக்குப் பன்னிரண்டு ஆண்டுகள்கூட முழுதாக ஆகவில்லை.

ஆட்டம் அரிதாகக் கிடைக்கும் அணியில் ஒவ்வொரு விக்கெட்டுக்கும் விலை அதிகம். அடித்து ஆடி முப்பதில் ஆட்டமிழந்தால், அதைத் திருத்திக்கொள்ள அடுத்த வாரம் இன்னொரு ஆட்டம் காத்திருப்பதில்லை. அப்படிப்பட்ட சூழலில் வளர்ந்தவர் விக்கெட்டைப் பொத்திப்பொத்தி ஆடப் பழகியிருப்பார். பழகியது எளிதில் விடாது. உங்களுக்கு வியப்பாக இருக்கலாம், வேகமாக ஆடவே தெரியாதவர் அல்ல அவர். 2018 இருபது ஓவர் ஆசியக் கோப்பையில் கோலாலம்பூரில் இந்தியாவுக்கு எதிராக 142 ரன்னைத் துரத்தியபோது 46 பந்துகளில் ஆட்டமிழக்காமல் 52 ரன் எடுத்தவர் அவர்தான். ருமானா அகமதுவோடு சேர்ந்து அன்று இந்தியாவை முதன்முறையாக வென்றார்கள். நான்கு நாள் கழித்து இறுதிப்போட்டியிலும் கடைசிப் பந்தில் இந்தியாவை வென்று கோப்பையைத் தூக்கினார்கள். 2019 தெற்காசிய விளையாட்டுப் போட்டியில் பொக்காராவில் மாலத்தீவுக்கு எதிராக 53 பந்துகளில் 110 ரன் எடுத்ததும் உண்டு. ஆனால் எதிரணி ஆறு ரன்னுக்குச் சுருண்ட ஆட்டம் அது. அதை வைத்து எதையும் நிறுவ நான் விரும்பவில்லை. இருபது ஓவர் அணி பிறகு அவரைத் தாண்டிப் போய்விட்டது. 2024 உலகக் கோப்பைக்கான அணியில் அவர் பெயர் இல்லை, அந்த முடிவில் எனக்கு மாறுபாடும் இல்லை.

2022இல் நடந்தது வங்கதேசப் பெண்களுக்கு முதல் ஒருநாள் உலகக் கோப்பை. ஃபர்ஜானா நியூசிலாந்துக்கு எதிராக அரைச்சதம் அடித்தார். ஹாமில்டனில் பாகிஸ்தானுக்கு எதிராக 115 பந்துகளில் 71 ரன் எடுத்தார். அணி 234 ரன் குவித்தது. சித்ரா அமீன் சதம் அடித்தும் பாகிஸ்தான் ஒன்பது ரன்னில் தோற்றது. ஒருநாள் உலகக் கோப்பையில் வங்கதேசப் பெண்களின் முதல் வெற்றி அது. உங்கள் அளவுகோலின்படி இந்த இன்னிங்ஸும் மந்தமானதுதான்.

அந்த ஆண்டுதான் எல்லாமும் மாறத் தொடங்கியது. அணிகள் முறைவைத்து ஒருநாள் தொடர்கள் ஆடும் மகளிர் சாம்பியன்ஷிப்பில் வங்கதேசம் முதன்முறையாகச் சேர்க்கப்பட்டு, ஒரே சுற்றில் இருபத்துநான்கு ஒருநாள் ஆட்டங்கள் உறுதியாயின. தொடர்ந்து ஆடக் கிடைத்ததும் அணியின் ரன்கள் உயர்ந்தன. 2023 டிசம்பரில் ஈஸ்ட் லண்டனில் முர்ஷிதா கதூன் ஆட்டமிழக்காமல் எடுத்த 91 ரன்னின் பலத்தில் 250 ரன் குவித்து, தென்னாப்பிரிக்காவை அவர்கள் மண்ணிலேயே 119 ரன் வித்தியாசத்தில் வென்றார்கள். அடுத்த ஆட்டம் பொச்செஃப்ஸ்ட்ரூமில். ஃபர்ஜானா தன் இரண்டாவது சதத்தை அடித்தார்: 167 பந்துகளில் 102. அணி நான்கு விக்கெட்டுக்கு 222. தென்னாப்பிரிக்கா எட்டு விக்கெட் வித்தியாசத்தில் எளிதாக வென்றது.

என் பார்வையில், உங்கள் கேள்வி விசாகப்பட்டினத்தைவிட இந்த ஆட்டத்துக்கே கூடுதலாகப் பொருந்தும். மிர்பூரின் மெதுவான, பந்து தாழ்ந்து வரும் ஆடுகளத்தில் 225 போதுமான ரன்னாக இருந்தது. தென்னாப்பிரிக்காவில் அது போதவில்லை. ஐந்து மாத இடைவெளியில் ஏறத்தாழ ஒரே மாதிரியான இரண்டு சதங்கள். ஒன்று தொடரைக் காப்பாற்றியது, மற்றது ஆட்டத்தைத் தோற்க விட்டது. அவருடைய ஆட்டம் மாறவில்லை, அவரைச் சுற்றியிருந்த அணியும் ஆடுகளமும் எதிர்பார்ப்பும் மாறிவிட்டன. ஐம்பது ஓவர்களையும் ஆடி முடிப்பதே வெற்றி போலிருந்த அணியில் அவர் இன்றியமையாதவராக இருந்தார். 250ஐத் தாண்ட வேண்டும் என்று நினைக்கிற அணியில் அதே நிதானத்துக்கு ஒரு விலை இருக்கிறது. அந்த அணி அப்படி நினைக்கும் நிலைக்கு வந்ததில் அவருடைய பங்கு பெரியது என்பதால் அந்த விலை இல்லாமல் போய்விடாது.

ரன் வேகம் இப்போது எவ்வளவு முக்கியம் என்பதற்கு 2025 ஏப்ரலில் லாகூரில் நடந்த தகுதிச்சுற்றைவிட நல்ல சான்று கிடைக்காது. வங்கதேசமும் மேற்கிந்தியத் தீவுகளும் புள்ளிகளில் சமமாக நின்றபோது, நிகர ரன் விகிதத்தில், அதாவது ஓவருக்கு எடுத்த ரன்னிலிருந்து ஓவருக்கு விட்டுக்கொடுத்த ரன்னைக் கழித்த கணக்கில், 0.639க்கு 0.626 என்ற மயிரிழையில் வங்கதேசம் உலகக் கோப்பைக்குள் நுழைந்தது. அந்த விகிதத்தை உயர்த்திய ஆட்டங்களில் ஒன்று தாய்லாந்துக்கு எதிரானது: 271 ரன், 178 ரன் வித்தியாசத்தில் வெற்றி. அதில் தலைவி நிகார் சுல்தானா விரைந்து அடித்த 101 ரன்னும், ஷர்மின் ஆட்டமிழக்காமல் எடுத்த 94 ரன்னும் பேசப்பட்டன. ஃபர்ஜானாவும் அரைச்சதம் அடித்தார். அது பேசப்படவில்லை, பேசப்படாததில் அநீதியும் இல்லை, ஏனென்றால் அன்று தேவைப்பட்டது மற்ற இருவரின் வேகம்.

அவரைத் தொடக்க ஆட்டக்காரராகவே வைத்திருக்கலாமா என்று கேட்டால், வேகமான ஆடுகளங்களில் வேண்டாம் என்பேன். முதல் பத்து ஓவர்களில் தடுப்பாளர்கள் உள்வட்டத்தில் நிற்கும்போது ரன் வராவிட்டால், பிறகு வருபவர்கள்மேல் சுமை ஏறுகிறது. மிர்பூரில், சுழல் எடுக்கும் நாளில், இப்போதும் அவர் பெயரைத்தான் முதலில் எழுதுவேன். இதில் எனக்கு ஒரு மனக்குறையும் உண்டு. சர்வதேச கிரிக்கெட்டை நிர்வகிக்கும் ஐசிசி 2021 ஏப்ரலில் முழு உறுப்பு நாடுகளின் பெண்கள் அணிகள் அனைத்துக்கும் டெஸ்ட் அந்தஸ்து வழங்கியது. இந்தப் பதிலை எழுதும்வரை வங்கதேசப் பெண்கள் ஒரு டெஸ்ட் போட்டியில்கூட ஆடியதில்லை. 160 பந்துகளும் 167 பந்துகளும் நின்று சதம் அடிப்பவருக்கு உரிய களம் எதுவோ, அது அவர் நாட்டுப் பெண்களுக்குத் தாளில் மட்டும் இருக்கிறது. அவருக்கு வயது முப்பதைத் தாண்டிவிட்டது.

ஷோர்னாவைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். விசாகப்பட்டினத்தில் அவர் 34 பந்துகளில் அரைச்சதத்தைத் தொட்டார். வங்கதேசப் பெண்களில் ஒருநாள் போட்டியில் அதுவே விரைவானது. பதின்ம வயதைக் கடக்காத அவருக்கு முன்னால், ஃபர்ஜானாவுக்கு அந்த வயதில் கிடைக்காத ஆட்ட அட்டவணை இருக்கிறது. இன்னும் இரண்டு தொடர்களாவது பார்த்துவிட்டு அவரைப் பற்றித் தனியாக எழுதலாம் என்று இருக்கிறேன்.

அன்புடன்.