கல்லாக உறைந்தால் சுத்தமா? – வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கேள்விகளில் உப்பு, கற்கண்டு, தேன் என்று பல ஒரே பக்கம் சாய்ந்திருந்தன. தனித்தனி இதழில் பதில் சொன்னால் சொன்னதையே திரும்பச் சொல்ல வேண்டிவரும் என்பதால், படிகம் பற்றியவற்றை எல்லாம் ஒரே இடத்தில் சேர்த்துவிட்டேன்.

கேள்வி (பிளஸ் ஒன் மாணவி, கோவில்பட்டி): உப்புத் தண்ணீரை வற்றக் காய்ச்சினாலே உப்பு கிடைத்துவிடுகிறது. அப்புறம் படிகமாக்கல் என்று பாடத்தில் தனியாக ஒன்று எதற்கு? இரண்டும் ஒன்றுதானே?

இல்லை. முழுக்க வற்றவிட்டால் தண்ணீர் மட்டும்தான் போகும். அதில் கரைந்திருந்த நல்லது கெட்டது எல்லாம் பாத்திரத்தின் அடியில் சேர்ந்தே கிடக்கும். படிகமாக்கலில் வேண்டுமென்றே கொஞ்சம் தண்ணீரை மிச்சம் வைக்கிறோம், வேண்டாதது அதிலேயே தங்கட்டும் என்று.

பனை ஏறும் ஊர்க்காரர்களுக்கு இந்த வித்தியாசம் நன்றாகத் தெரியும். பதநீரைக் காய்ச்சி இறுக்கிச் சிரட்டையில் ஊற்றினால் கருப்பட்டி. பதநீரில் இருந்த சர்க்கரை, தாது உப்புகள், நிறம், மணம் எல்லாம் அதற்குள் அப்படியே இருக்கும். அதே பதநீரைப் பாகு பதத்தோடு நிறுத்தி, பானையில் ஊற்றி, நூலைத் தொங்கவிட்டு வாரக்கணக்கில் அசைக்காமல் வைத்தால் நூலைப் பிடித்துக்கொண்டு சர்க்கரை கல்லாக வளரும், மீதிப் பாகை வடித்துவிடுவார்கள். அது பனங்கற்கண்டு. (பனங்கற்கண்டில் தாதுச்சத்து கொட்டிக் கிடக்கிறது என்று வாட்ஸப்பில் சுற்றுகிறதே, அதை நம்பாதீர்கள். அந்தக் கல் வளர்ந்ததே அதையெல்லாம் பாகிலேயே விட்டுவிட்டுத்தான். அதன் பழுப்பு நிறம் ஒட்டிக்கொண்ட பாகு தந்த நிறம். தாதுதான் கணக்கு என்றால் கருப்பட்டி முந்திவிடும்.)

கணக்கோடு பார்க்க வேண்டும் என்றால் வெடியுப்புதான் சரியான உதாரணம், அதாவது பொட்டாசியம் நைட்ரேட். 100 கிராம் தண்ணீரில் 60 டிகிரி செல்சியஸில் சுமார் 110 கிராம் கரையும், 20 டிகிரியில் சுமார் 32 கிராம்தான். சமையல் உப்போ சூட்டை அவ்வளவாகக் கண்டுகொள்ளாது, இரண்டு வெப்பநிலையிலும் ஏறக்குறைய 36, 37 கிராம். இப்போது 100 கிராம் வெடியுப்பில் 10 கிராம் சமையல் உப்பு கலந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். மொத்தத்தையும் 100 கிராம் சுடுநீரில் கரைத்து 20 டிகிரிக்கு ஆறவிட்டால் கிட்டத்தட்ட 68 கிராம் வெடியுப்பு படிகமாக இறங்கிவிடும். அந்த 10 கிராம் சமையல் உப்புக்கு இறங்க வேண்டிய அவசியமே இல்லை, தண்ணீரில் இன்னும் தாராளமாக இடம் இருக்கிறது. வடிகட்டினால் வேலை முடிந்தது. ஆனால் 32 கிராம் நல்ல வெடியுப்பும் வடிநீரோடு போகிறது, அதையும் கவனியுங்கள். சுத்தத்துக்கு நாம் கொடுக்கும் விலை அது. பரீட்சையில் பலரும் எழுத மறப்பதும் அதைத்தான்.

இது ஆய்வகத்தில் பிறந்த தந்திரம் இல்லை. 17, 18-ஆம் நூற்றாண்டுகளில் பீகாரின் பாட்னா பக்கத்திலிருந்து ஆங்கிலேய, டச்சுக் கம்பெனிகள் வெடிமருந்துக்காகக் கப்பல் கப்பலாக வாங்கிப் போனது இந்த உப்பைத்தான். மாட்டுத் தொழுவத்து மண்ணையும் பழைய மண்சுவரையும் சுரண்டித் தண்ணீரில் ஊறவைத்து, வடித்து, காய்ச்சுவார்கள். காய்ச்சும்போதே, அதாவது சூடாக இருக்கும்போதே, சமையல் உப்பு அடியில் இறங்க ஆரம்பிக்கும். அதை அள்ளி எடுத்துவிட்டு மீதியை ஆறவிட்டால் வெடியுப்பு ஊசி ஊசியாக வளரும். கரைதிறன் அட்டவணை எதுவும் கையில் இல்லாமலேயே செய்த வேலை.

கேள்வி (வாசகர், தேனி): கல் வளரும்போது அழுக்கு ஏன் வெளியே நிற்கிறது? அதற்கு எப்படித் தெரியும் எது அழுக்கு என்று?

தெரியாது. அதற்குத் தெரிந்தது அளவு மட்டும்தான். முட்டை வைக்கிற அட்டையில் எலுமிச்சம்பழத்தை வைத்தால் ஓரளவு உட்கார்ந்துகொள்ளும், தேங்காய் உட்காராது. படிகமும் அப்படித்தான்: ஒரே மாதிரி மூலக்கூறுகள் ஒரே இடைவெளியில் அடுக்கடுக்காகப் போய் அமர்வது. வேறு வடிவத்தில் ஒன்று வந்து ஒட்டினால் பிடிப்பு சரியாக இருக்காது, கழன்று திரவத்துக்கே போய்விடும், அந்த இடத்தில் சரியான ஆள் வந்து உட்காரும்.

ஆனால் கழன்று போக நேரம் கொடுக்க வேண்டும். கரைசலைச் சட்டென்று பனிக்கட்டிக்குள் வைத்தால் ஒரே சமயத்தில் ஆயிரக்கணக்கான குட்டிப் படிகங்கள் முளைத்து அவசரமாக வளரும், உள்ளுக்குள் அழுக்குத் திரவத்தையும் சேர்த்து அடைத்துக்கொள்ளும். மெதுவாக ஆறினால் எண்ணிக்கை குறையும், அளவு பெருகும், சுத்தமும் கூடும். ஃப்ரிட்ஜில் இருக்கும் ஐஸ் கட்டியை எடுத்துப் பாருங்கள். ஓரமெல்லாம் கண்ணாடி மாதிரி இருக்கும், நடுவில் மட்டும் வெள்ளையாக மங்கியிருக்கும். ஐஸும் படிகம்தான். வெளியிலிருந்து உள்ளே உறைந்துகொண்டு போகும்போது கரைந்த காற்றையும் உப்புகளையும் நடுப்பக்கம் தள்ளிக்கொண்டே போகிறது, கடைசியில் தள்ள இடம் இல்லாமல் அங்கேயே மாட்டிக்கொள்கின்றன.

கேள்வி (வாசகி, தூத்துக்குடி): எங்கள் ஊர் உப்பளத்தில் வெயிலில் காய்ந்து விளையும் உப்பும் படிகம்தானே? பிறகு ஏன் மழைக்காலத்தில் ஜாடியில் கசிகிறது?

உப்பளம் என்பது பல கட்டமாகப் பிரித்தெடுக்கும் ஏற்பாடு. கடல்நீர் ஒரு லிட்டரில் மொத்தம் 35 கிராம் போல உப்புகள் இருக்கின்றன, அதில் சாப்பிடுகிற உப்பு சுமார் 27 கிராம்தான். தண்ணீர் பாத்தி பாத்தியாக நகர்ந்து வற்ற வற்ற முதலில் சுண்ணாம்புச் சத்து இறங்கும். ஐந்தில் ஒரு பங்காகச் சுருங்கும்போது ஜிப்சம் இறங்கும். பத்தில் ஒரு பங்காகும்போது, உப்புநீரின் அடர்த்தியைக் காட்டும் போமே அளவில் 25 டிகிரி வாக்கில், உப்பு விளைய ஆரம்பிக்கும். அளத்தில் டிகிரி பார்ப்பது இதற்காகத்தான். 29, 30 டிகிரி வரும்போது மீதித் தண்ணீரை வெளியே விட்டுவிட வேண்டும், ஏனென்றால் அதில் மிஞ்சியிருப்பது கசப்பான மெக்னீசியம் உப்புகள்.

சரி, கசிவுக்கு வருகிறேன். சுத்தமான சோடியம் குளோரைடு காற்றின் ஈரப்பதம் சுமார் 75 சதவீதத்தைத் தாண்டினால்தான் தண்ணீரை இழுத்துக் கரையும். மெக்னீசியம் குளோரைடுக்கு 33 சதவீதமே போதும். அந்தக் கசப்புத் தண்ணீர் கல்லின்மேல் கொஞ்சம் ஒட்டியிருந்தாலோ, வேகமாக வளர்ந்த கல்லுக்குள் சின்னச் சின்னக் குமிழ்களாக அடைபட்டிருந்தாலோ உப்பு ஊறலெடுக்கும். அறுவடை செய்த உப்பைக் குவித்து வடியவிடுவதும், அடர்ந்த உப்புநீரிலேயே கழுவுவதும் இதைப் போக்கத்தான். நல்ல தண்ணீரில் கழுவினால் உப்பே கரைந்துவிடுமே! அடைமழை நாட்களில் ஈரப்பதம் 75-ஐத் தாண்டும்போது எவ்வளவு நல்ல உப்பும் கசியத்தான் செய்யும், அதற்கு வியாபாரியைத் திட்டிப் பயனில்லை.

கேள்வி (எம்.எஸ்ஸி. மாணவர், திருச்சி): அசிட்டனிலைடை (ஆய்வகப் பயிற்சியில் தரும் ஒரு கரிமச் சேர்மம்) சுடுநீரில் கரைத்து மறுபடிகமாக்கும்போது சில நேரம் படிகம் வருவதே இல்லை, சில நேரம் எண்ணெய்த் துளி மாதிரி அடியில் நிற்கிறது. என்ன செய்வது?

இரண்டும் வேறு வேறு பிரச்சினை. படிகம் வரவே இல்லை என்றால் பெரும்பாலும் தண்ணீரை அதிகம் ஊற்றியிருப்பீர்கள், கொஞ்சம் வற்றவிடுங்கள். அப்படியில்லாமல் அளவு சரியாக இருந்தும் வராவிட்டால் கரைசல் மீத்தெவிட்டிய நிலையில், அதாவது அந்த வெப்பநிலையில் கரையக்கூடியதைவிட அதிகமாகக் கரைந்த நிலையில் நிற்கிறது, ஆரம்பிக்க ஒரு புள்ளி கிடைக்கவில்லை என்று அர்த்தம். கண்ணாடிக் குச்சியால் பீக்கரின் உள்பக்கத்தைத் திரவ மட்டத்துக்குப் பக்கத்தில் உரசுங்கள், அல்லது ஏற்கெனவே இருக்கும் சுத்தமான படிகத்தில் ஒரு துணுக்கைப் போடுங்கள்.

எண்ணெய்த் துளி அசிட்டனிலைடின் பழைய குறும்பு. தனியாக இருந்தால் அது 114 டிகிரியில்தான் உருகும், ஆனால் தண்ணீரோடு சேர்ந்தால் 83 டிகிரிக்கு மேலேயே கரையாத மிச்சம் எண்ணெயாகப் பிரிந்துவிடும். அந்த எண்ணெய் அழுக்கையெல்லாம் தனக்குள் கரைத்து வைத்துக்கொள்ளும், அப்படியே உறையவிட்டால் செய்த வேலை வீண். இன்னும் கொஞ்சம் சுடுநீர் விட்டு எண்ணெயை முழுக்கக் கரைத்து, மேசையில் வைத்து மெதுவாக ஆறவிடுங்கள். ஐஸ் எல்லாம் கடைசியில்தான். நிறம் இருந்தால் கிளர்வூட்டிய கரியைக் கொஞ்சமாகப் போடுங்கள், கொதிக்கிற கரைசலில் நேராகக் கொட்டினால் பொங்கி வெளியே வரும், சற்று ஆறியபின் போட்டுத் திரும்பச் சூடாக்கிச் சூட்டிலேயே வடிகட்டுங்கள். கடைசியில் படிகத்தைக் கழுவக் குளிர்ந்த தண்ணீர் சில துளிகளே போதும்.

கேள்வி (ஓய்வுபெற்ற ஆசிரியர், கும்பகோணம்): ஒரு தடவை படிகமாக்கினால் போதுமா?

முட்டை அட்டை உதாரணத்தில் சொன்ன தேங்காய் மாதிரி, அடுக்கில் பொருந்தாததுதான் அழுக்கு என்றால் ஒரு தடவை போதும். எலுமிச்சம்பழம் மாதிரி ஓரளவு பொருந்துவதாக இருந்தால்தான் தலைவலி. ரேடியமும் பேரியமும் அப்படி ஒரு ஜோடி, தனிம அட்டவணையில் ஒரே நெடுவரிசை, ஒரே குணம். மேரி கியூரி டன் கணக்கான பிட்ச்பிளெண்ட் (யுரேனியத் தாது) கழிவிலிருந்து பிரித்த பேரியம் குளோரைடில் ரேடியம் துளியூண்டு ஒளிந்திருந்தது. ரேடியம் குளோரைடு சற்றே குறைவாகக் கரையும், அவ்வளவுதான் வித்தியாசம். அதனால் ஒவ்வொரு முறை படிகமாக்கும்போதும் கல்லில் ரேடியத்தின் பங்கு கொஞ்சம் ஏறும். அந்தக் கல்லைத் திரும்பக் கரைத்து, திரும்பப் படிகமாக்கி, மிஞ்சிய திரவத்தை முந்தைய கட்டத்தோடு சேர்த்து என்று ஓயாமல் செய்து 1902-ல் அவர் கையில் நின்றது 0.1 கிராம் ரேடியம் குளோரைடு. அமெரிக்காவில் சார்லஸ் ஜேம்ஸ் என்ற வேதியியலாளர் 1911-ல் தூலியம் என்ற அருமண் தனிமத்தைச் சுத்தமாகப் பிரிக்க ஏறத்தாழ 15,000 முறை படிகமாக்கினார். கேட்கவே கை வலிக்கிறது.

கேள்வி (மருந்தாளுநர், வேலூர்): மாத்திரைத் தயாரிப்பிலும் இதுதானா?

ஆமாம், பெரும்பாலான திட மருந்துகளுக்குக் கடைசிச் சுத்திகரிப்பு படிகமாக்கல்தான். ஆனால் சுத்தம் மட்டும் போதாது என்று காட்டிய கதை ரிட்டோனவிர். எச்.ஐ.வி.க்கான இந்த மருந்து 1996-ல் சந்தைக்கு வந்தது. 1998-ல் அதே மூலக்கூறு வேறு விதமாக அடுக்கிக்கொண்ட இன்னொரு படிகம் தொழிற்சாலையில் திடீரென்று முளைத்தது. கலப்படம் எதுவும் இல்லை, அடுக்கு மட்டும்தான் வேறு. ஆனால் அது மிகக் குறைவாகவே கரைந்தது, கேப்ஸ்யூல் சோதனையில் தோற்றது. புதிய வடிவத்தின் துணுக்கு ஓர் இடத்தில் பரவிவிட்டால் பழைய வடிவத்தை அங்கே எடுப்பதே பெரும்பாடு. கேப்ஸ்யூலை நிறுத்திவிட்டு மருந்தைத் தயாரித்துத் தரும் விதத்தையே மாற்றித்தான் திரும்பக் கொண்டுவந்தார்கள்.

கேள்வி (வாசகி, ஏற்காடு): தேன் பாட்டிலில் அடியில் சர்க்கரை மாதிரி உறைந்துவிட்டது. கலப்படமா?

உறைந்ததை வைத்து மட்டும் அப்படிச் சொல்ல முடியாது. உறைந்ததால் அசல் என்றும் சொல்ல முடியாது. தேனில் இருக்கும் தண்ணீர் வெறும் 18 சதவீதம் போலத்தான், அதற்குள் கரையக்கூடியதைவிட அதிகமாகவே குளுக்கோஸ் இருக்கிறது. மகரந்தத் துகளோ ஏதோ ஒன்று கிடைத்தால் குளுக்கோஸ் படிகமாகும், ஃப்ரக்டோஸ் திரவமாகவே நிற்கும். 14 டிகிரி பக்கத்தில் இது வேகமாக நடக்கும், உங்கள் ஊர்க் குளிருக்குக் கேட்கவே வேண்டாம். எந்தப் பூவின் தேன் என்பதைப் பொறுத்துச் சில வகை சில வாரத்தில் உறையும், குளுக்கோஸ் குறைந்த வகை நெடுநாள் உறையாது. கை பொறுக்கிற சூட்டில், 40 டிகிரி போல, தண்ணீரில் பாட்டிலை வைத்தால் இளகிவிடும். அடுப்பில் நேராக வைக்க வேண்டாம், ஃப்ரிட்ஜிலும் வைக்க வேண்டாம்.