அரபியில் நிற்கும் அம்மாவின் போனைத் தமிழுக்குக் கொண்டுவருவது எப்படி?

கேள்வி: என் அம்மா முக்கூடலில் தனியாக இருக்கிறார். பீடி சுற்றுகிறார். தமிழ் நன்றாக வாசிப்பார், ஆங்கிலம் தெரியாது. அண்ணன் ரியாத்திலிருந்து லீவுக்கு வந்தபோது, தான் வைத்திருந்த சாம்சங் போனை அம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போனான். ஆங்கிலத்தில்தான் இருந்தது. போன வாரம் பக்கத்து வீட்டுப் பையன் எதையோ தட்டப் போய் முழுக்க அரபி ஆகிவிட்டது. கடைக்காரர் ரீசெட் போட்டால்தான் சரியாகும் என்கிறார். போட்டோவெல்லாம் போய்விடுமோ என்று அம்மாவுக்குப் பயம். நான் இருப்பது திருப்பூரில். போனிலேயே வழி சொல்லிச் சரிசெய்ய முடியுமா? அப்படியே தமிழுக்கு மாற்றிவிடலாம் என்று நினைக்கிறேன். அண்ணன் வேண்டாம் என்கிறான். ஆங்கிலத்தில் இருந்தால்தான் யாராவது உதவ முடியும், தமிழ் போட்டால் ஜிபே குழம்பிவிடும் என்பது அவன் கட்சி.
- ஒரு வாசகி, திருப்பூர்

பதில்: முதல் வேலையாக அம்மாவுக்குப் போன் போட்டு, "எம்மா, கடையில குடுக்காத" என்று சொல்லிவிடுங்கள். மொழி மாறிப்போனதற்கு ரீசெட் மருந்தே இல்லை. ரீசெட் போட்டால் போனில் மட்டும் இருக்கும் போட்டோக்கள் போய்விடும். பேக்கப் எடுக்காத வாட்ஸ்அப் பேச்சுகளும் போய்விடும். ஜிபேயைத் திரும்ப சிம்மோடு இணைத்துப் பதிய வேண்டியிருக்கும். போனின் பக்கவாட்டுப் பொத்தான்களை அழுத்தி வெளியிலிருந்தே ரீசெட் போட்டார்கள் என்றால், அதில் ஏற்கெனவே இருந்த கூகுள் கணக்கின் கடவுச்சொல்லையும் போன் கேட்கும். அது அண்ணன் கணக்காக இருந்தால் ரியாத்துக்குப் பேசித்தான் வாங்க வேண்டும். இத்தனையும் முடிந்தபிறகு போன் கேட்கும் முதல் கேள்வி, எந்த மொழி வேண்டும் என்பதுதான்! அந்த மொழிப் பட்டியலை ஒன்றையும் அழிக்காமல் இப்போதே திறந்துவிடலாம்.

போனிலேயே வழி சொல்ல முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக முடியும். ஆனால் அம்மாவின் போனிலேயே பேசிக்கொண்டு அதையே நோண்டச் சொன்னால் இரண்டு பேருக்கும் திண்டாட்டம். பக்கத்து வீட்டாரின் போனிலிருந்து உங்களுக்கு வீடியோ கால் போடச் சொல்லுங்கள். அந்தக் கேமரா அம்மாவின் திரையைப் பார்த்தபடி இருக்கட்டும். எந்தப் பையன் தட்டினானோ அவனையே பிடித்துக்கொள்ளச் சொல்லலாம், இந்த வேலைக்கு அவன்தான் சரியான ஆள். உங்களிடமும் சாம்சங் போன் இருந்தால் அதே பக்கத்தைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள். வரிகளும் படங்களும் ஏறக்குறைய ஒன்றாகவே இருக்கும்.

அரபி வலமிருந்து இடமாக எழுதும் மொழி. அதனால் எழுத்து மட்டுமல்ல, திரையே பக்கம் மாறிவிடும். நம் போனில் வலப்பக்க மேல்மூலையில் இருக்கும் பல்சக்கரம் அங்கே இடப்பக்கம் இருக்கும். முந்தைய பக்கத்துக்குப் போகும் அம்புக்குறி வலப்பக்கம் வந்துவிடும். பொத்தானைத் தள்ளி இயக்கும் இடங்களெல்லாம் இடப்பக்கம் போய்விடும். மணி காட்டும் எண்கள்கூட அரபி எண்களாக மாறியிருக்கலாம். அந்த எண்களில் புள்ளி வைத்தால் பூஜ்யம், சின்ன வட்டம் போட்டால் ஐந்து. நம் கண்ணுக்கு ஏழு போலத் தெரிவது அங்கே ஆறு. அம்மா மணி பார்த்துத் தடுமாறியிருந்தால் காரணம் இதுதான், போன் கெட்டுப்போகவில்லை என்று சொல்லுங்கள். வழி சொல்லும்போது நீங்களும் "வலது, இடது" என்பதை விட்டுவிட்டுப் படத்தை வைத்தே சொல்லுங்கள்.

திரையின் மேல்விளிம்பிலிருந்து விரலால் கீழே இழுக்கச் சொல்லுங்கள். பல்சக்கரம் தெரியாவிட்டால் இன்னொரு முறை இழுக்கட்டும். பல்சக்கரத்தைத் தொட்டால் செட்டிங்ஸ் திறக்கும், நீளமான பட்டியல். மேலிருந்து எண்ண வேண்டாம். ஒரேயடியாகக் கடைசிவரை தள்ளிவிட்டு, கீழிருந்து மேலே வரச் சொல்லுங்கள். கீழ்ப்பகுதியில் மனித உருவம் போட்ட ஒரு வரி இருக்கும். பெரும்பாலான சாம்சங் போன்களில் அதற்கு நேர் மேலே இருப்பதுதான் பொது நிர்வாக அமைப்பு. படுக்கைக் கோடுகளில் குமிழ் வைத்தது போன்ற படம் அதற்கு இருக்கும். அதற்குள் போனால் முதல் வரியே மொழி.

இங்கே வந்துவிட்டால் பாதிக் கவலை தீர்ந்தது. மொழிப் பட்டியலில் ஒவ்வொரு மொழியும் அதனதன் எழுத்திலேயே இருக்கும். போன் அரபியில் இருந்தாலும் சீனத்தில் இருந்தாலும் தமிழ் என்பது தமிழ் எழுத்தில்தான் வரும், அதை அம்மாவே கண்டுபிடித்துவிடுவார். முதலில் திறக்கும் சிறு பட்டியலில் அரபியும் ஆங்கிலமும் இருக்கும். முதலில் ஆங்கிலத்தைத் தொட்டு, கீழே வரும் பொத்தானை அழுத்தச் சொல்லுங்கள். திரை வழக்கமான பக்கத்துக்குத் திரும்பிவிடும், உங்களுக்கும் படிக்க வரும். அப்புறம் கூட்டல் குறி போட்ட வரியைத் தொட்டால் பெரிய பட்டியல் திறக்கும். அதில் தமிழ். எந்த நாட்டுத் தமிழ் என்று கேட்டால் இந்தியா. கடைசியில் இரண்டு பொத்தான் வரும். ஒன்று இப்போதுள்ள மொழியே இருக்கட்டும் என்பது, இன்னொன்று புதியதை முதன்மையாக்கு என்பது. இரண்டாவதை அழுத்தினால் போன் தமிழுக்கு வந்துவிடும்.

இதோடு எழுந்துவிடாதீர்கள். தமிழ் போட்டும் சில ஆப் மட்டும் அரபியில் திறக்கிறது என்று வளைகுடாவிலிருந்து போன் வந்த வீடுகளில் சொல்வது இந்த இடத்தில் விட்ட குறைதான். ஆண்ட்ராய்டில் 2016இல் வந்த ஏழாம் பதிப்பிலிருந்து போனுக்கு ஒரு மொழி என்பது போய், ஒரு வரிசை என்றாகிவிட்டது. ஒரு ஆப்பைத் திறந்ததும் வரிசையில் முதலில் இருக்கும் மொழி அதில் உண்டா என்று பார்க்கும். இல்லாவிட்டால் இரண்டாவதைப் பார்க்கும். தமிழ் முதலாவதாகவும் அரபி இரண்டாவதாகவும் இருந்தால், தமிழ் தெரியாத ஆப் அரபி பேசும். ஆகவே மேலே தமிழ், அதற்குக் கீழே ஆங்கிலம். அரபியைப் பட்டியலிலிருந்தே நீக்கிவிடுங்கள். பக்கத்து வீட்டுப் பையனின் விரல் மறுபடி அங்கே போனாலும், அதிகபட்சம் ஆங்கிலத்தில்தான் போய் நிற்கும்.

வேறு கம்பெனிப் போன் வைத்திருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. பிக்ஸல், மோட்டோரோலாவில் செட்டிங்ஸின் அடிப்பகுதியில் சிஸ்டம் என்ற வரிக்குள் மொழி இருக்கும். ஷவ்மியில் கூடுதல் அமைப்புகளுக்குள் பாருங்கள். பூகோள உருண்டைப் படத்தைக் கண்டால் அநேகமாக அதுதான். எங்கே தேடியும் பிடிபடவில்லை என்றால், இன்னொரு போனில் கூகுள் டிரான்ஸ்லேட் ஆப்பைத் திறந்து அதன் கேமராவைத் திரைக்கு நேரே காட்டுங்கள். அரபி எழுத்தின் மேலேயே தமிழோ ஆங்கிலமோ தெரியும். மொழிபெயர்ப்பு கொச்சையாக இருக்கும்தான், வழி கண்டுபிடிக்க அது போதும்.

இனி அண்ணன் சொன்னதற்கு வருவோம். ஜிபே குழம்பாது. யுபிஐ பதிவு சிம்மோடும் அந்தப் போனோடும் பிணைந்தது. திரையில் எந்த மொழி ஓடினாலும் அதற்கு ஒன்றுமில்லை. பணம், போட்டோ, சேமித்த எண்கள் எதுவும் நகராது. "பெரியம்மா வீடு" என்று ஆங்கில எழுத்தில் சேமித்திருந்தால் அது ஆங்கில எழுத்திலேயே கிடக்கும். எண்களும் நமக்குப் பழகிய 1, 2, 3தான். சரி, ஜிபே மட்டும் ஆங்கிலத்தில் இருந்தால்தான் போனில் வழி சொல்ல வசதி என்று அண்ணன் நினைத்தால் அதற்கும் இடமிருக்கிறது. 2022இல் வந்த ஆண்ட்ராய்டு 13 முதல் ஒவ்வொரு ஆப்புக்கும் தனி மொழி வைக்கலாம். சாம்சங்கில் மொழி வரிக்குப் பக்கத்திலேயே ஆப் மொழிகள் என்று ஒரு வரி இருக்கும்.

ஆங்கிலத்தில் இருந்தால்தான் உதவ முடியும் என்பதை மட்டும் நான் ஏற்கவில்லை. உதவுகிறவர் வாரத்தில் எப்போதோ ஒருமுறை அந்தத் திரையைப் பார்ப்பார். அம்மா நாள் முழுக்கப் பார்க்கிறார். மடியில் சுளகும் கையில் இலையுமாக உட்கார்ந்திருக்கும்போது பக்கத்தில் கிடக்கும் போனில் ஏதாவது ஒரு பெட்டி துள்ளி வந்து நிற்கும். அது என்ன கேட்கிறது என்று படிக்கத் தெரியாதவர் என்ன செய்வார்? அது மறையட்டும் என்று கைக்கு எட்டிய பொத்தானை அழுத்துவார். தொடர்பு எண்களைப் பார்க்க அனுமதி, இருக்கும் இடத்தை அறிய அனுமதி, தெரியாத ஆப்பை நிறுவ அனுமதி என்று எல்லாம் அப்படித்தான் போகின்றன. "இந்த ஆப் உங்கள் மெசேஜ்களைப் படிக்கலாமா?" என்று தமிழில் கேட்டால் அவரே வேண்டாம் என்று சொல்லிவிடுவார். முக்கூடலிலும் ஆலங்குளத்திலும் தன் சம்பாத்தியத்தில் வீட்டை நடத்துகிற பெண்களுக்கு இந்தத் தீர்மானத்தை எடுக்கும் அறிவு நிறையவே இருக்கிறது. திரை அவர்களுக்குப் புரிகிற மொழியில் கேட்க வேண்டும், அவ்வளவுதான்.

இதையொட்டி ஓர் எச்சரிக்கை. "உங்கள் போனை இங்கிருந்தே சரிசெய்கிறோம், இந்த ஆப்பைப் போடுங்கள்" என்று யாராவது கூப்பிட்டால் அம்மா போனை வைத்துவிட வேண்டும். தூரத்திலிருந்து போனை இயக்கும் ஆப் வழியாகத்தான் பல வீடுகளில் பணம் போகிறது. நீங்களே பார்த்துச் சொல்ல வேண்டுமானால் வாட்ஸ்அப் வீடியோ காலில் திரையைப் பகிரும் வசதி 2023 முதல் இருக்கிறது. அதில் நீங்கள் பார்க்க முடியும், தொட முடியாது. அந்த நேரத்தில் ஓடிபி வந்தால் உங்களுக்கும் தெரியும் என்பதால் வீட்டாரோடு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். ஏமாந்து பணம் போய்விட்டால் உடனே சைபர் மோசடி உதவி எண்ணான 1930க்கு அழைக்க வேண்டும் என்று அம்மாவிடம் சொல்லி, அந்த எண்ணைத் தமிழ்ப் பெயரில் சேமித்தும் வையுங்கள்.

தமிழுக்கு மாற்றியும் மாறாதவை சில உண்டு. வங்கி மெசேஜ், கேஸ் புக்கிங் மெசேஜ், பி.எஃப். மெசேஜ் எல்லாம் அனுப்புகிறவர் எந்த மொழியில் எழுதினாரோ அதிலேதான் வரும். மகளிர் உரிமைத் தொகை வரவு வைத்த செய்தியை வங்கி ஆங்கிலத்தில் அனுப்பினால் போன் அதைத் தானாகத் தமிழாக்காது. அந்த வரியை அழுத்திப் பிடித்து நகலெடுத்து, டிரான்ஸ்லேட்டில் ஒட்டிப் படிக்கக் கற்றுக்கொடுங்கள். வாட்ஸ்அப் போனின் மொழியோடு சேர்ந்து மாறிவிடும். மாறாவிட்டால் அதன் செட்டிங்ஸிலேயே ஆப் மொழி என்று இருக்கும்.

தட்டச்சு வேறு கதை. திரை தமிழானால் விசைப்பலகையும் தானாகத் தமிழாகிவிடும் என்று எதிர்பார்க்க வேண்டாம், அங்கே தனியாகத் தமிழைச் சேர்க்க வேண்டும். அம்மாவுக்கு நான் தட்டச்சைப் பரிந்துரைக்க மாட்டேன். கூகுளின் விசைப்பலகையான ஜிபோர்டில் தமிழைச் சேர்த்துவிட்டு மைக் படத்தைக் காட்டிக்கொடுங்கள். கூகுளின் குரல் தட்டச்சில் 2017 முதல் தமிழ் உண்டு. "என்னட்டி, சாப்டியா?" என்று நம் ஊர்ப் பேச்சை அப்படியே விட்டால் அது கொஞ்சம் தடுமாறும், நிறுத்திப் பேசினால் பிடித்துக்கொள்ளும். பீடி இலையும் தூளும் படிந்த விரலால் சின்னச் சின்ன எழுத்தைத் தேடித் தொடுவதைவிட இது எவ்வளவோ மேல்.

எழுத்தளவையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். தமிழ்ச் சொற்கள் நீளம். எழுத்தை மிகப் பெரிதாக்கினால் பொத்தான்களில் பாதிச் சொல் வெட்டுப்பட்டு மூன்று புள்ளியில் முடியும். அது என்ன பொத்தான் என்று அம்மா ஊகிக்க வேண்டிவரும். ஒன்றிரண்டு படி ஏற்றினால் போதும்.

அண்ணனுக்கும் ஒரு சேதி. அடுத்த லீவுக்கு அம்மாவுக்குப் புதுப் போன் வாங்கி வருவதாக இருந்தால் அங்கே வாங்க வேண்டாம், இங்கே வாங்கச் சொல்லுங்கள். இந்தியாவில் விற்கும் கைபேசிகள் இந்திய மொழிகளைக் காட்ட வேண்டும் என்று ஐஎஸ் 16333 என்ற தர நிர்ணயம் இருக்கிறது. வெளிநாட்டுச் சந்தைக்கான போனுக்கு அது பொருந்தாது. சீனச் சந்தைக்கென்றே செய்த போன்களில் பெரும்பாலும் சீனமும் ஆங்கிலமும் தவிர வேறு மொழி இராது. ஐபோன் என்றால் நீண்ட காலம் திரை மொழியாகத் தமிழ் இல்லாமலே இருந்தது. ஐபோனை இயக்கும் மென்பொருளான ஐஓஎஸ்ஸில், 2025இல் வந்த 18.4 பதிப்பில்தான் தமிழ் சேர்ந்தது. பழைய ஐபோனைக் கொடுப்பதானால் அந்தப் பதிப்பு அதில் ஏறுமா என்று முதலில் பார்க்க வேண்டும்.

ஒருவேளை அம்மா கையில் இப்போதிருக்கும் போனின் பெரிய பட்டியலில் தமிழே காணோம் என்றால், திரையை ஆங்கிலத்தில் விட்டுவிட்டு வாட்ஸ்அப், ஜிபே இவற்றை மட்டும் அந்தந்த ஆப்பின் செட்டிங்ஸ் வழியாகத் தமிழாக்குங்கள். அம்மா அதிகம் புழங்குவது அந்த இரண்டிலாகத்தான் இருக்கும். அப்போதும் அரபியைப் பட்டியலிலிருந்து எடுத்துவிட மறக்காதீர்கள்.