கலிபோர்னியாவில் நண்பரின் பழைய காரை வாங்குகிறேன், என் பெயருக்கு மாற்ற என்ன செய்ய வேண்டும்? ஊரில் ஆர்.சி. மாற்றுவது போலத்தானா?

கிட்டத்தட்ட அப்படித்தான். ஆனால் நம் ஆட்கள் பலரும் ஒரே இடத்தில் இடறி விழுகிறோம், நானும் விழுந்தேன். அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

ஊரில் நமக்கு ஆர்.சி.தான் எல்லாம். வண்டி யாருடையது என்பதற்கும் அதுதான் சாட்சி, ரோட்டில் ஓட்டலாம் என்பதற்கும் அதுதான், லோன் இருந்தால் வங்கியின் பெயரும் அதிலேயே ஏறியிருக்கும். இங்கே அதை இரண்டாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். ரெஜிஸ்ட்ரேஷன் என்பது வருடா வருடம் பணம் கட்டிப் புதுப்பிக்கிற சீட்டு, அதோடு நம்பர் பிளேட் மூலையில் ஒட்டும் ஸ்டிக்கர், அவ்வளவுதான். டைட்டில் என்பது வண்டியின் பத்திரம், வீட்டுப் பத்திரம் மாதிரி. ஒருகாலத்தில் இளஞ்சிவப்புத் தாளில் கொடுத்ததால் பழைய ஆட்கள் இன்னமும் பிங்க் ஸ்லிப் என்பார்கள். உங்கள் நண்பர் ரெஜிஸ்ட்ரேஷன் சீட்டைக் காட்டி "எல்லாம் கிளியரா இருக்கு" என்றால் தலையை ஆட்டிவிட்டு டைட்டிலைக் கேளுங்கள்.

நான் 2022ல் ஃப்ரீமான்ட்டில் இருந்தபோது, ஆபீஸில் கூட வேலை பார்த்த கோயம்புத்தூர்க்காரர் ஒருவர் மொத்தமாக ஊர் திரும்பினார். அவருடைய 2013 கரோலாவை 9,000 டாலருக்கு நான் எடுத்துக்கொள்வதாகப் பேச்சு. லோன் எப்போதோ அடைத்துவிட்டார், டைட்டில் பிளாஸ்டிக் உறைக்குள் மடிப்புக் கலையாமல் இருந்தது. 1a என்று போட்ட கோட்டில் அவர் கையெழுத்து, ஓடோமீட்டர் எண், தேதி, எல்லாம் அவர் வீட்டுச் சாப்பாட்டு மேஜையிலேயே முடிந்தது. மறுநாள் அவருக்கு ஃபிளைட். அவர் மனைவியும் குழந்தைகளும் இரண்டு வாரம் முன்பே போய்விட்டார்கள், இது முக்கியம், ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த வாரம் டி.எம்.வி. (நம் ஆர்.டி.ஓ. ஆபீஸ் மாதிரி) கவுண்டரில் இருந்த அம்மா தாளைத் திருப்பிப் பார்த்துவிட்டு, பேனா முனையால் ஓரிடத்தைத் தட்டிக் காட்டினார். நண்பர் பெயருக்குப் பின்னால் ஒரு சின்ன சாய்கோடு, அடுத்த வரியில் அவர் மனைவி பெயர். அச்சுப்பிழை என்றுகூட நினைக்கத் தோன்றாத அளவுக்குச் சின்னக் கோடு. கலிபோர்னியா டைட்டிலில் அந்தக் கோட்டுக்கு 'அண்ட்' என்று அர்த்தம், அதாவது இரண்டு பேரும் உரிமையாளர்கள், விற்க இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டும். நடுவில் 'ஆர்' என்று இருந்திருந்தால் ஒருவர் போட்டாலே போதும். 1b கோடு காலியாக இருந்தது, போட வேண்டியவர் பீளமேட்டில் இருந்தார்.

அப்புறம் என்ன, டைட்டிலைக் கூரியரில் கோயம்புத்தூர் அனுப்பி, அவங்க ஒரு கல்யாணத்துக்காகப் பொள்ளாச்சி போயிருந்து, திரும்பி வந்து கையெழுத்துப் போட்டு, மறுபடி கூரியரில் என் கைக்கு வர 24 நாள் ஆனது. போனில் "அந்த ஒத்தைக் கையெழுத்துக்காகவா தம்பி இத்தனை தூரம் அனுப்புனீங்க?" என்று அவங்க சிரித்தாங்க, எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு நல்ல காரியம் செய்திருந்தேன்: தாள் முழுசாக இல்லாவிட்டாலும் கட்டணத்தை அன்றைக்கே கவுண்டரில் கட்டிவிட்டேன், அதனால் தாமத அபராதம் விழவில்லை. வாங்கியவர் 10 நாளுக்குள் மாற்ற விண்ணப்பிக்க வேண்டும் என்பது விதி, ஆகவே ஏதாவது குறைந்தால் "எல்லாம் சேரட்டும்" என்று வீட்டில் உட்கார்ந்திருக்காதீர்கள்.

ஆகவே பணம் கொடுப்பதற்கு முன், விற்பவரை எதிரில் வைத்துக்கொண்டு, டைட்டிலை நிதானமாகப் படியுங்கள். எத்தனை பெயர், நடுவில் கோடா 'ஆரா'. இரண்டாவது ஆள் ஊருக்குக் கிளம்புவதாக இருந்தால் கிளம்பும் முன்பே கையெழுத்து, இல்லையென்றால் டி.எம்.வி.யின் பவர் ஆஃப் அட்டர்னி படிவத்திலாவது ஒரு கையெழுத்து. லெஜல் ஓனர் என்ற இடத்தில் வங்கி பெயர் இருக்கிறதா என்றும் பாருங்கள். லோனை அடைத்திருந்தாலும் வங்கி 2ஆம் கோட்டில் விடுவித்துக் கையெழுத்துப் போட்டிருக்க வேண்டும், அல்லது தனியாக விடுவிப்புக் கடிதம் வேண்டும். லோன் இன்னும் ஓடுகிறது என்றால் டைட்டில் பெரும்பாலும் மின்னணு வடிவில் கடன் கொடுத்தவரிடமே இருக்கும். அடைத்து முடித்துத் தாள் கைக்கு வரும்வரை முழுப் பணத்தைக் கொடுக்காதீர்கள், நண்பராகவே இருந்தாலும் சரி. சால்வேஜ் என்ற வார்த்தை எங்காவது அச்சாகியிருந்தால், ஒருமுறை இன்சூரன்ஸ்காரர்கள் தேறாது என்று கைவிட்ட வண்டி அது, விலையை அதற்கேற்ப பேசுங்கள் அல்லது விட்டுவிடுங்கள். டைட்டிலில் உள்ள வி.ஐ.என். எண்ணை (ஊரில் சேஸிஸ் நம்பர் மாதிரி, எழுத்தும் எண்ணுமாக 17) முன் கண்ணாடிக்குக் கீழே டாஷ்போர்டில் பதித்திருப்பதோடு ஒப்பிடுங்கள், ஒரு நிமிட வேலை.

எழுதும்போது ஒரு பழக்கத்தை அடக்க வேண்டும்: தப்பாக எழுதினால் அடிப்பது, ஒயிட்னர் பூசுவது. டைட்டிலில் அது கூடவே கூடாது. ஒரு எழுத்தைத் திருத்தினாலும் ஏன் திருத்தினேன் என்று தனிப் படிவத்தில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டி வரும். ஓடோமீட்டர் கட்டத்தில் மைலின் தசமப் புள்ளிக்குப் பின்னால் வரும் இலக்கத்தைப் போடக் கூடாது. 87,412.6 என்று காட்டினால் 87412 மட்டும். அந்த 6ஐயும் சேர்த்து எழுதினால் உங்கள் வண்டி காகிதத்தில் எட்டு லட்சம் மைல் ஓடிவிடும்.

விற்பவர் பக்கம் இரண்டு வேலை. ஒன்று ஸ்மாக் சர்டிபிகேட், ஊரில் எடுக்கிற புகைச் சான்றிதழ் மாதிரிதான், ஆனால் இங்கே உண்மையிலேயே சோதிக்கிறார்கள். அதை எடுத்துக் கொடுக்க வேண்டியது சட்டப்படி விற்பவர், எடுத்து 90 நாளுக்குள் இருக்க வேண்டும். மின்சார வண்டிக்குத் தேவையில்லை, நாலு வருடத்துக்கு உட்பட்ட புது மாடல் பெட்ரோல் வண்டிக்கும் தேவையில்லை. இன்னொன்று, விற்றுவிட்டேன் என்று 5 நாளுக்குள் ஆன்லைனில் தெரிவிப்பது. ஊரில் படிவம் 29 இருக்கிறதே, அது மாதிரி. என் நண்பர் அதை ஏர்போர்ட் கேட்டில் உட்கார்ந்தபடி போனிலேயே செய்தார். நம்பர் பிளேட் கலிபோர்னியாவில் வண்டியோடுதான் வரும் என்பதால், இதைச் செய்யாமல் போயிருந்தால் நான் பாலம் தாண்டும் டோல் கட்டணமெல்லாம் அவர் பெயருக்குப் போயிருக்கும். ஆனால் அதைச் செய்ததாலேயே வண்டி உங்கள் பெயருக்கு மாறிவிடாது, மாற்றுவது உங்கள் வேலை.

வரி கொஞ்சம் வலிக்கும். இரண்டு தனிநபர்களுக்கு நடுவே நடக்கும் விற்பனைக்கும் வாங்குபவர் யூஸ் டாக்ஸ் (விற்பனை வரிக்கு ஈடான வரி) கட்ட வேண்டும், டி.எம்.வி.யே வசூலிக்கும். மாநில அளவில் 7.25 சதவீதம், ஊரைப் பொறுத்து மேலே ஏறும். ஃப்ரீமான்ட்டில் 10ஐத் தாண்டிவிடும், எனக்கு 900 டாலருக்கு மேல் போனது. "கிஃப்ட்னு போட்டுடுங்க, வரி வராது" என்று யாராவது கண்டிப்பாகச் சொல்வார்கள். நிஜமாகவே அன்பளிப்பு என்றால் வரி கிடையாது. காசு கைமாறியிருக்கும்போது பொய்ச் சாட்சிக் குற்றத்துக்கு உட்பட்ட உறுதிமொழியில் அப்படி எழுதிக் கையெழுத்துப் போடுவது வேறு விஷயம். விசாவில் இருக்கிற நமக்கு 900 டாலருக்காக அந்த விஷப்பரீட்சை வேண்டாம் என்பது என் கருத்து. இன்சூரன்ஸை வண்டியை எடுத்து ஓட்டுவதற்கு முன்பே உங்கள் பெயரில் போட்டுவிடுங்கள்.

இதெல்லாம் கலிபோர்னியா கதை, மாநிலத்துக்கு மாநிலம் மாறும். டெக்சாஸில் வாங்கினால் போக வேண்டியது கவுண்டியின் (நம் மாவட்டம் மாதிரி) வரி அலுவலகம். விற்பவர் தன் நம்பர் பிளேட்டைக் கழற்றிக்கொள்வார். வரி 6.25 சதவீதம், ஆனால் நீங்கள் கொடுத்த விலை குறைவாக இருந்தால் மாநிலம் தானே வைத்திருக்கும் மதிப்பில் 80 சதவீதத்துக்குப் போடுவார்கள், நண்பர் விலையெல்லாம் அங்கே செல்லாது. முடிந்தால் விற்பவரையும் கூடவே அழைத்துப் போய்விடுங்கள், சந்தேகம் வந்தால் ஆள் பக்கத்திலேயே இருப்பார்.

கடைசியாக, உங்கள் பெயரை எப்படி எழுதுகிறீர்கள் என்பது. டிரைவிங் லைசென்ஸில் இருப்பது போலவே எழுதுங்கள், இனிஷியல், அப்பா பெயர் எல்லாம் அதே வரிசையில். புது டைட்டில் தபாலில் வர சில வாரம் ஆகும், வந்தவுடன் எழுத்துக்கூட்டிப் படியுங்கள். எங்களுடையது வந்தபோது நான் முதலில் தேடியது இரண்டு பெயருக்கும் நடுவில் என்ன இருக்கிறது என்பதைத்தான். விண்ணப்பத்தில் 'ஆர்' கட்டத்தில் டிக் போட்டிருந்தோம், அப்படியே வந்திருந்தது. "அப்போ உங்களைக் கேட்காமலே நான் இதை விற்கலாமா?" என்றாள் மனைவி. விற்கலாம், சட்டப்படி.